ஒன்மோர் கேட்க முடியாத இடங்கள்

குலசேகரம், அருமனை பக்கத்து ரப்பர் தோட்டங்களில் பால் வெட்டு விடியுமுன்பே தொடங்கிவிடும். வெயில் ஏறினால் பால் ஒழுகுவது குறையும். அதனால் கேமராவுக்காக யாரும் காத்திருக்க மாட்டார்கள். ஆவணப்பட ஒளிப்பதிவு கற்க இதைவிட நல்ல பள்ளிக்கூடம் நம் குமரி மாவட்டத்தில் இல்லை என்பேன்.

இங்கே ஒன்மோர், அதாவது அதே ஷாட்டை மறுபடி எடுப்பது, கிடையாது. ஒரு வெட்டில் பட்டை ஒன்று, ஒன்றரை மில்லிமீட்டர்தான் சீவப்படும். நமக்காக இன்னொரு முறை சீவச் சொன்னால் அவ்வளவு பட்டை வீண். கத்தி கொஞ்சம் ஆழமாகப் போனாலோ மரம் காயப்படும், அந்த இடத்தில் பட்டை முண்டும் முடிச்சுமாகத்தான் திரும்ப வளரும். ஆனால் அடுத்த மரத்தில் அதே வேலை மறுபடி நடக்கப் போகிறது. ஆகவே முதல் மரத்தில் இடம் முழுதும் தெரியும் வைட் ஷாட், அடுத்ததில் கையும் கத்தியும், அதற்கடுத்ததில் முகம், பிறகு சிரட்டையில் விழும் பால் என்று போகலாம். வெட்டுகிறவரை நிறுத்தாமலே எடிட்டருக்கு வேண்டிய ஷாட்டெல்லாம் கிடைத்துவிடும். ஒலிப்பதிவை மட்டும் நடுவில் நிறுத்தக் கூடாது; இந்தத் துண்டுகளை ஒன்றாகத் தைப்பது அதுதான்.

நிற்கும் இடம் முக்கியம். வெட்டு இடப்பக்கம் மேலிருந்து வலப்பக்கம் கீழாகச் சாய்ந்து இறங்கும். கத்தியைத் தன் பக்கம் இழுப்பவர் வலப்பக்கமாகவே நகர்வார். அங்கே நின்றால் அவர் வழியை மறிப்போம். இடப்பக்கம், மரத்தின் விளிம்பை ஒட்டி மண்டியிட்டால் கத்திக்குப் பின்னால் முகமும் தெரியும். அவர் நிமிரும்போது நெற்றி விளக்கு நேரே லென்சில் அடிக்கும்; அந்த நொடியில் தடிமரம் விளக்கை மறைக்கும்படி ஃபிரேமை முன்கூட்டியே வைத்திருக்க வேண்டும்.

வேறு விளக்கு கொண்டு போகாதீர்கள். அந்த நெற்றி விளக்கே போதும். சோனி எஃப்எக்ஸ்3 போன்ற கேமராவில், வெளிச்சமும் நிழலும் அதிகம் தங்கும்படி பதிவுசெய்யும் எஸ்-லாக்3 முறைக்கு இரண்டு அடிப்படை ஐஎஸ்ஓ (ஒளி உணர்திறன்) உண்டு: 800, 12,800. இருட்டில் இரண்டாவதுதான். 25 ஃபிரேம், ஷட்டர் 1/50, அப்பெர்ச்சர் 2.8. ஒயிட் பேலன்ஸை ஆட்டோவில் விட்டால் விளக்கு அசையும்போதெல்லாம் நிறம் மாறும். 5600 கெல்வினில் பூட்டிவிட்டால் விடியலின் நீலம் நீலமாகவே வரும். எக்ஸ்போஷரைப் பாலுக்கு வையுங்கள், முகத்துக்கு அல்ல. எஸ்-லாக்3இல் வெள்ளைத்தாள் ஒளி அளவுகோலில் 61 சதவீதத்தில் அமரும். பால்கோடும் அங்கேயே அமரட்டும், காடு இருண்டால் இருளட்டும். மலிவான எல்இடி விளக்குகள் பலவும் ஒளியைக் குறைத்து வைத்தால் துடிக்கும், படத்தில் பட்டை பட்டையாக ஓடும். “அண்ணே, லைட்ட ஃபுல்லா வச்சிக்கிடுங்க” என்று முன்பே கேட்டுக்கொள்வதில் தப்பில்லை.

குளச்சலிலோ முட்டத்திலோ மீன் ஏலத்துக்கு இந்தப் பாடம் உதவாது. ஏலம் திரும்ப வராது. விலை ஏறி, முடிந்து, கூடை நகர்ந்துவிடும். அங்கே லென்ஸ் மாற்றக் கூடாது. 35 எம்எம் ஒன்று, தோளிலோ மோனோபாட் எனும் ஒற்றைக்கால் தாங்கியிலோ கேமரா, ஏலம் கூறுபவருக்கும் வாங்குபவருக்கும் நடுவே ஒரே நீண்ட ஷாட். ஆட்டத்தைச் சமன்செய்யும் கிம்பல் எனக்கு ஒப்பாது. கூட்டத்தில் இடிபட்டு நிற்கும் மனிதனின் பார்வை அதில் வராது, காட்சி மிதக்கும்.

உச்சி வெயிலில் ஐஎஸ்ஓ 800, ஷட்டர் 1/50, அப்பெர்ச்சர் 4 என்றால் எட்டு ஸ்டாப் ஒளியைக் குறைக்க வேண்டும்; ஒவ்வொரு ஸ்டாப்பும் ஒளியைப் பாதியாக்கும். எஃப்எக்ஸ்3க்குள் என்டி, அதாவது ஒளியை மட்டும் குறைக்கும் ஃபில்டர், இல்லை. வெளியே மாட்டும் வேரியபிள் என்டி இரண்டு போலரைசர்கள் சேர்ந்தது. கடைசி வரை திருகினால் வைட் லென்சில் ‘எக்ஸ்’ போல நிழல் விழும். ஈர மணலின் மினுக்கமும் அதைத் திருப்பத் திருப்ப மாறும். கடப்புறத்தில் அந்த மினுக்கம் போனால் பாதிப் படம் போன மாதிரி. திருகாத, ஒரே அளவு குறைக்கும் தனி என்டியே நல்லது. ஏசி அறையிலிருந்து கேமராவை நேரே கரைக்குக் கொண்டுபோனால் லென்சில் ஆவி படியும். பைக்குள்ளேயே அரைமணி நேரம் வெளியே கிடக்கட்டும். உப்புப் படிந்த ஃபில்டரை உலர்ந்த துணியால் தேய்த்தால் கீறல் விழும், முதலில் ஈரத்துணி. டிரைபாட் கால்களை அன்றைக்கே நல்ல தண்ணீரில் கழுவுங்கள்.

வேலைப்பாதையைப் பற்றிக் கேட்பவர்கள் அதிகம். தரமணி எம்.ஜி.ஆர். திரைப்படக் கல்லூரி, புனே திரைப்படக் கல்லூரி இரண்டிலும் ஒளிப்பதிவுப் படிப்பு உண்டு. கல்யாண வீடியோ எடுத்துப் பழகியவர்களுக்கும் இந்தத் துறைக்கு வேண்டிய பாதி கையில் இருக்கிறது, தாலிகட்டுக்கும் ஒன்மோர் இல்லையே. மீதிப் பாதி, எப்போது பதிவு பட்டனை அழுத்துவது என்பது. 16 எம்எம் காலத்தில் 400 அடிச் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். அந்தத் தலைமுறை பார்த்துவிட்டுத்தான் அழுத்தியது. கார்டில் மணிக்கணக்கில் இடம் இருக்கும் இன்று அந்தப் பழக்கத்தை நாமாகத்தான் வளர்க்க வேண்டும். ஒரு மரவரிசை முழுக்கக் கேமராவைத் திறக்காமல் வெட்டுகிறவர் பின்னால் நடந்து பாருங்கள். எங்கே நிற்கிறார், எப்போது கத்தி தீட்டுகிறார், எந்த மரத்தில் வெட்டில் உறைந்து ஒட்டிய ஒட்டுப்பாலை உரித்தெடுக்கிறார் என்பதெல்லாம் பிடிபட்டபின் ஷாட் பட்டியல் தானாக அமையும்.

தேதியையும் பார்த்துக்கொள்ளுங்கள். டிசம்பர் தொடங்கிப் பிப்ரவரிக்குள் ரப்பர் இலை உதிர்த்துவிடும். மேலே கூரை இல்லாத ஜனவரி வெளிச்சமும், இலை அடர்ந்து பச்சை தோய்ந்த ஜூன் வெளிச்சமும் ஒரே காட்சிக்குள் ஒட்டவே ஒட்டாது.