கவசமின்றிக் கண்ட ஒற்றியூர்ப் பெருமான்

கார்த்திகைப் பௌர்ணமியையொட்டி ஆண்டில் மூன்று நாட்கள் மட்டுமே கவசம் களைந்து காட்சி தரும் திருவொற்றியூர் ஆதிபுரீஸ்வரரைத் தரிசிக்க வேண்டும் என்பது என் அம்மாவின் நெடுநாளைய நேர்த்திக்கடன். வடசென்னையில் அப்பா வேலை பார்த்த ஆலை மூடப்பட்டு, வீட்டில் அடுப்பெரிவதே கேள்விக்குறியாக இருந்த காலத்தில், அதே கோயிலின் வடிவுடையம்மன் சன்னிதியில் நின்று வேண்டிக்கொண்டாராம். அப்பாவுக்கு வேறு வேலை கிடைத்து, நாங்கள் படித்து ஆளாகி, அவர் ஓய்வும் பெற்ற பிறகுதான் அதைச் செலுத்தத் திருவருள் கூடியது.

திருவொற்றியூரைச் சென்னையின் புறநகர் என்று சொல்வது எனக்கு எப்போதுமே ஒப்பாது. 1639-இல் ஆங்கிலேயர் இங்கே கால்பதிப்பதற்கு ஆறு நூற்றாண்டுகள் முன்பே, முதலாம் இராசேந்திர சோழன் காலத்தில், இவ்வூர் மடத்தின் தலைவர் சதுரானன பண்டிதரின் வேண்டுகோளால் வீரசோழத் தச்சன் எழுப்பிய கருங்கல் விமானம், யானையின் பின்புறம் போல் வளைந்து, இன்றும் நிற்கிறது. தேவார மூவரும் பாடிய ஊரை மாநகராட்சி தன்னோடு சேர்த்துக்கொண்டது 2011-இல். இடையில் 1955-இல் என்ஃபீல்டு மோட்டார் சைக்கிள் ஆலையும், மற்ற ஆலைகளும் வந்து, ஆலைச் சங்கொலிக்கு எழுந்து ஓடும் ஊராக இது மாறியது. 2021-இல் மெட்ரோ விம்கோ நகர் வரை நீண்டதால் இப்போது தேரடியிலேயே இறங்கிவிடலாம். கன்டெய்னர் லாரிகளுக்கு நடுவே அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு சாலையைக் கடக்கும் பதைப்பு குறைந்தது.

குறையாதது கூட்டம். தர்ம தரிசன வரிசை வெளியே நீண்டு வளைந்து கிடக்க, "பெரியவங்களை நேரா உள்ள கூட்டிப் போறேன், கொடுக்கறதைக் கொடுங்க" என்று ஒருவர் விடாமல் பின்தொடர்ந்தார். அம்மா அவரை ஏறிட்டும் பார்க்கவில்லை. வேண்டுதலைக் குறுக்கு வழியில் செலுத்துவதா என்பது அவர் கட்சி. மூட்டுவலியோடு நின்றவருக்கு, முன்னால் நின்ற ஒரு குடும்பம் தாங்கள் கொண்டுவந்திருந்த மடக்கு நாற்காலியைக் கொடுத்தது. வரிசை நகர நகர அந்த வீட்டுப் பிள்ளையே அதைத் தூக்கி நகர்த்தி வைத்தான். அவனை அம்பாள் நன்றாக வைத்திருக்க வேண்டும்.

உள்ளே போனதும் தள்ளுமுள்ளுவிலும் கண்முன் நின்றது அந்தத் திருமேனிதான். ஆண்டு முழுவதும் கவசத்துக்குள் மறைந்திருக்கும் புற்று வடிவம், புனுகும் சாம்பிராணித் தைலமும் ஊறிக் கறுத்து, மேடுபள்ளமாக, தீபம் நகரும் பக்கமெல்லாம் மினுமினுத்தது. அந்தத் தைல வாசனை இன்னமும் என் மூக்கில் இருக்கிறது. இதே ஊர்ச் சக்கரப்பாடியில் செக்காட்டிய கலிய நாயனார், எண்ணெய் வாங்க வழியற்றுத் தம் குருதியாலேயே விளக்கெரிக்கத் துணிந்தது இந்தப் பெருமானுக்காகத்தானே! "நகருங்க, நகருங்க" என்ற குரல் கேட்டும் அம்மா அசையவில்லை. பிள்ளைகள் பெயர், பேரன் பேத்திகள் பெயர், நட்சத்திரம் எல்லாம் சொல்வார் என்று நினைத்திருந்தேன். "வந்துட்டேன்பா" என்று மட்டும் சொல்லிக் கன்னத்தில் போட்டுக்கொண்டார். எனக்குக் கண் நிறைந்துவிட்டது. என்ன வேண்டிக்கொள்ள நினைத்து வந்தேன் என்பதே மறந்துபோயிற்று.

இவ்வூரில் மணந்த சங்கிலியாரைப் பிரியேன் என்று சுந்தரர் சத்தியம் செய்த மகிழமரத்தடிக்கும் போனோம். வாக்குத் தவறி எல்லையைத் தாண்டியதும் தோழருக்கே கண்ணொளியைப் பறித்த இறைவன், வேண்டுதலை இத்தனை காலம் தள்ளிப்போட்ட எங்களைப் பொறுத்துக்கொண்டாரே என்று அம்மா சொல்லிச் சொல்லி மாய்ந்து போனார். வடிவுடையம்மன் சன்னிதியில் இன்னும் நெரிசல். வள்ளலார் பசியோடு திண்ணையில் படுத்திருக்க, அண்ணி வடிவில் வந்து அன்னமிட்டவள் அல்லவா. எங்கள் வீட்டு அடுப்பும் அவள் மூட்டியதுதான். குங்குமத்தை முந்தானையில் முடிந்தபடியே அம்மா அடுத்ததைச் சொல்லிவிட்டார்: வெள்ளிக்கிழமையில் பௌர்ணமி வரும்போது காலையில் மேலூர்த் திருவுடையம்மன், உச்சியில் இவள், மாலையில் திருமுல்லைவாயில் கொடியிடையம்மன் என மூவரையும் ஒரே நாளில் பார்த்துவிட வேண்டுமாம். மடக்கு நாற்காலி ஒன்று வாங்கி வைத்துவிட்டேன்.