குடைகளுக்கு அடியில் ஒரு பாட்டு

இன்று காலை பேருந்துக்குக் காத்திருந்த நேரத்தில், ஒஸ்லோவில் 2012 ஏப்ரல் 26 அன்று எடுக்கப்பட்ட காணொளி ஒன்றைக் கைபேசியில் பார்த்தேன்.

மழை பெய்கிறது. யங்ஸ்டோர்கெட் சதுக்கம் நெடுகக் குடைகள். மேடையில் கிதாருடன் நிற்கிறார் நோர்வேயின் நாட்டுப்புறப் பாடகரும் பாடலாசிரியருமான லில்லெபியோர்ன் நில்சன்.

ஏறத்தாழ 40,000 பேர் அவருடன் சேர்ந்து பாடுகிறார்கள்.

முந்தைய ஆண்டு ஜூலையில் 77 பேரைக் கொன்றவன், இந்தப் பாட்டு பிள்ளைகளை மூளைச்சலவை செய்கிறது என்று நீதிமன்றத்தில் குறைகூறியிருந்தான். அதற்கு மக்கள் தந்த மறுமொழிதான் இது.

அமெரிக்கரான பீட் சீகரின் பாட்டொன்றைத் தழுவி, 'வானவில்லின் குழந்தைகள்' என்று பொருள்படும் தலைப்பில் 1973இல் நில்சன் பாடியது. நோர்வேயில் பள்ளிப் பிள்ளைகளுக்கும் மனப்பாடம். மூலத்தைச் சொல்லுக்குச் சொல் பின்பற்றாமல் தம் மொழியின் ஓசைக்குள் அதை இழுத்துக்கொண்டதால்தான் அது அவ்வளவு ஆழமாக வேரூன்றியது என்பது என் எண்ணம்.

ஒஸ்லோவில் 1950இல் பிறந்து, அந்நகரத்தின் தெருக்களையே பல பாடல்களில் பாடிய அவர், 2024 ஜனவரியில் மறைந்தார்.

பாடி முடித்த கூட்டம், ரோஜாக்களை ஏந்தியபடி, நனைந்துகொண்டே நீதிமன்றத்தை நோக்கி நடந்தது.

என் பேருந்து எப்போதோ போய்விட்டிருந்தது.