பக்கத்தில் நிற்பவரின் வேலை

படத்தொகுப்பு அறையில் நெடுங்காலம் உழைத்தவர்களுக்கு ஒரு பழக்கம் வந்துவிடும். இருவர் பேசும் காட்சி தொய்வடைந்தால், பேசுபவரை விட்டுவிட்டுக் கேட்பவரின் முகத்தைத் தேடுவோம். அந்த முகத்தில் கவனம் இருந்தால் காட்சி பிழைத்துக்கொள்ளும். குணச்சித்திர நடிகர்களை நான் மதிக்கக் கற்றுக்கொண்டது இந்தத் தேடலில்தான். அவர்களுள் என் மனத்துக்கு மிக நெருக்கமானவர், ஸ்பெயினின் மனுவேல் அலெக்சாந்த்ரே.

1917 நவம்பரில் மாட்ரிட் நகரில் பிறந்த அவர், சட்டப் படிப்பைத் தொடங்கிப் பாதியில் விட்டு, நாடகத்துக்கு வந்தார். அக்கால ஸ்பானிய நாடக மேடை கடுமையான பணியிடமாக இருந்தது. நாளுக்கு இரண்டு காட்சிகள் என்பதே பல பத்தாண்டுகளாக வழக்கம். நடிகர்கள் தங்கள் பணிநிலை குறித்து வேலைநிறுத்தம் செய்து மாட்ரிட் அரங்குகளை மூடவைத்தது 1975 பிப்ரவரியில்தான். அந்த உழைப்பில் பழகியவர்கள் திரைக்கு வந்தபோது, உரையாடலின் காலக்கணக்கு அவர்களுக்கு மூச்சுவிடுவதைப் போல இயல்பாக இருந்தது.

இதன் பயனை முழுமையாக எடுத்துக்கொண்ட இயக்குநர் லூயிஸ் கார்சியா பெர்லாங்கா. 1961-இல் வெளிவந்த ‘பிளாசிதோ’ படத்தில், ஒரு சிற்றூரின் வசதியான குடும்பங்கள் கிறிஸ்துமஸ் இரவன்று ஆளுக்கொரு ஏழையைத் தம் உணவு மேசையில் அமர்த்திக்கொள்கின்றன. அதே நாளில் பிளாசிதோ தன் மூன்று சக்கர வண்டியின் தவணையைக் கட்ட அலைகிறான். அவனுடைய சகோதரன் ஹுலியானாக அலெக்சாந்த்ரே வருகிறார். பெர்லாங்கா காட்சியைத் துண்டுதுண்டாக எடுப்பதில்லை; பத்துப் பேர் ஒரே நேரத்தில் பேசிக்கொண்டு அறைக்குள் நுழைவதும் வெளியேறுவதும் ஒரே நீண்ட ஷாட்டில் நடக்கும். அப்படிப்பட்ட ஷாட்டில் தொகுப்பாளருக்குத் தாவிச் செல்ல வேறு முகம் கிடையாது. ஓரத்தில் நிற்பவர் ஒரு நொடி கவனம் சிதறினாலும் முழு ஷாட்டும் வீணாகும். அலெக்சாந்த்ரேக்கு வசனம் இல்லாத நொடிகளைத்தான் நான் மீண்டும் மீண்டும் ஓட்டிப் பார்த்திருக்கிறேன். கேமரா தன் மீது இருக்கிறதா என்ற எண்ணத்தின் சாயல்கூட அந்த உடலில் தெரிவதில்லை.

நகைச்சுவை நடிகர் என்று மட்டும் அவரைச் சொல்வது குறைவான மதிப்பீடு. ஹுவான் அந்தோனியோ பார்தெமின் ‘காயே மயோர்’ (1956) படத்தில், திருமணமாகாத ஒரு பெண்ணைப் பொய்க் காதலால் ஏமாற்றி வேடிக்கை பார்க்கும் நண்பர் கூட்டத்தில் அவரும் ஒருவர். அங்கே அதே சாதாரண முகம் நம்மை அச்சுறுத்துகிறது. ஆறு ஆண்டுகள் கழித்து, ஹொசே மரியா ஃபோர்கே இயக்கிய வங்கிக் கொள்ளை நகைச்சுவைப் படத்தில், தாம் வேலை பார்க்கும் வங்கியையே கொள்ளையடிக்கத் திட்டமிடும் அப்பாவி ஊழியர்களில் ஒருவராக வருகிறார்.

தொலைக்காட்சியும் அவரைக் கைவிடவில்லை. 1993 முதல் 1996 வரை ஆந்தெனா 3 ஒளிபரப்பிய தொடரொன்றில், ஒரு மதுக்கடையைத் தங்கள் அலுவலகமாக வைத்துக்கொண்ட வயதான மோசடிக்காரர்களாக, வாழ்நாள் நண்பர் ஃபெர்னாந்தோ ஃபெர்னான் கோமெஸ் உள்ளிட்ட பழைய தோழர்களுடன் நடித்தார். மாட்ரிட்டின் கஃபே ஹிஹோனில் ஆண்டுக்கணக்கில் ஒன்றாக அமர்ந்து பேசியவர்களின் இணக்கம் அந்தக் காட்சிகளில் தெரிகிறது என்றே நான் நினைக்கிறேன். ஒத்திகையால் மட்டும் அது வந்துவிடாது.

இருநூறுக்கும் மேற்பட்ட படங்களுக்குப் பிறகு, 2003-இல் அவருக்கு ஸ்பானியத் திரையுலகின் முதன்மை விருதான கோயாவின் கௌரவ விருது அளிக்கப்பட்டது. பொதுவாக இத்தகைய விருதை ஓய்வுக்கான விடைகொடுப்பாகவே எடுத்துக்கொள்வார்கள். அவருக்கோ அதன் பின்னர்தான் பெரிய வேடம் வந்தது. 2005-இல் வெளியான ‘எல்சா இ ஃபிரெட்’ படத்தில், மனைவியை இழந்து, புதிய குடியிருப்புக்கு வந்து, பக்கத்து வீட்டு எல்சாவிடம் மெல்ல மனம் திறக்கும் முதியவராக நடித்தபோது அவருக்கு வயது 87. எல்சாவாக நடித்த சீனா சோரிய்யா, பேச்சாலும் கையசைவாலும் திரையை நிறைப்பவர். கதாநாயகனாகிவிட்டதால் அலெக்சாந்த்ரே குரலை உயர்த்தவில்லை. அரை நூற்றாண்டாகச் செய்ததைப் போலவே எதிரில் இருப்பவரைக் கேட்கிறார். அவள் சொல்வதை நம்பலாமா என்ற தயக்கம் அவருடைய முகத்தில் ஓடுவதால்தான் எல்சாவின் பொய்கள் நமக்கு இனிக்கின்றன. சிறந்த நடிகருக்கான கோயா பரிந்துரை அந்த வேடத்துக்குக் கிடைத்தது.

அதற்கும் பின், 2008-இல், ஸ்பெயினின் சர்வாதிகாரி ஃபிராங்கோவின் கடைசி நாட்களைச் சொல்லும் தொலைக்காட்சிப் படத்தில் ஃபிராங்கோவாகவே நடித்தார். ஃபிராங்கோவை ஆட்சிக்குக் கொண்டுவந்த உள்நாட்டுப் போரின் தொடக்கத்தை 18 வயதில் கண்டவர், 90 வயதில் அந்த வேடத்தையும் ஒரு வேலையாக ஏற்றுச் செய்துமுடித்தார்.