பாரிஸில் மூன்று தீவுகள்: ஒலிம்பிக் நாட்குறிப்பு

ஜூலை 27, 2024

நேற்றிரவு சீன் நதியில் நடந்த தொடக்க விழாவைத் தொலைக்காட்சியில் பார்த்தேன். மழை விடாமல் பெய்தது. பெரிய நாடுகள் தனிப் படகில் வர, சிறிய நாட்டு அணிகள் பல ஒரே படகைப் பகிர்ந்துகொண்டு வந்தன. அவர்களின் கொடியைக் கண்டுபிடிப்பதற்குள் கேமரா நகர்ந்துவிட்டது.

இந்த ஒலிம்பிக்கில் கிழக்குக் கரீபியனின் மூன்று தீவுகளைத் தொடர்ந்து கவனிப்பதென்று முடிவு செய்திருக்கிறேன். ஏறத்தாழ 1.8 லட்சம் மக்கள் வாழும் செயின்ட் லூசியா, எழுபதாயிரம் பேர் அளவே உள்ள டொமினிக்கா, ஒன்றேகால் லட்சத்தை ஒட்டிய கிரெனடா ஆகியவையே அவை. (டொமினிக்கன் குடியரசு வேறு நாடு.) முதல் இரண்டும் 1996 அட்லாண்டாவிலிருந்து ஒலிம்பிக்கில் பங்கேற்றும் இதுவரை ஒரு பதக்கமும் பெற்றதில்லை. ஆனால் கடந்த மார்ச்சில் கிளாஸ்கோ உள்ளரங்க உலகப் போட்டியில் செயின்ட் லூசியாவின் ஜூலியன் ஆல்ஃபிரட் 60 மீட்டரை 6.98 விநாடியில் ஓடியும், டொமினிக்காவின் தியா லாஃபோண்ட் மும்முறைத் தாண்டுதலில் 15.01 மீட்டர் தாண்டியும் தங்கம் வென்றிருக்கிறார்கள். கிரெனடாவின் நிலையோ மனத்தை வருத்துகிறது. ஜூலை 1 அன்றுதான் பெரில் புயல் நான்காம் வகைச் சீற்றத்தோடு அந்நாட்டின் கரியாக்கூ தீவைத் தாக்கிச் சூறையாடியது.

ஆகஸ்ட் 3

இன்று பிற்பகல் ஆண்கள் 100 மீட்டர் ஆரம்பச் சுற்றைப் பார்த்தேன். தகுதி நேரமான 10.00 விநாடியை எட்ட இயலாத சிறு நாடுகளும் ஒலிம்பிக் ஓடுதளத்தில் கால் வைக்க வேண்டும் என்பதற்காக அளிக்கப்படும் சிறப்பு இடங்களில் வந்தவர்களே இச்சுற்றில் பெரும்பாலும் ஓடுகிறார்கள். பசிபிக் தீவு நாடான நவூருவின் ஒரே வீரரான வின்சர் கக்கியூவேயா அடுத்த சுற்றுக்குப் போகவில்லை. இன்னொரு பசிபிக் தீவு நாடான துவாலுவின் கராலோ மைபூக்காவும் போகவில்லை. இந்தச் சுற்று நேரத்தை வீணாக்குகிறது என்று சிலர் எழுதுவதை நான் ஒருபோதும் ஏற்கமாட்டேன். ஊரில் இருக்கும் சிறுவனுக்குத் தன் நாட்டுப் பெயரை உலகத் திரையில் பார்க்கக் கிடைக்கும் வாய்ப்பு இது ஒன்றுதான்.

ஆகஸ்ட் 4

எழுத உட்காரும்போது விடிந்துகொண்டிருக்கிறது; தூக்கம் வரவில்லை.

மும்முறைத் தாண்டுதல் இறுதிப் போட்டியில் லாஃபோண்ட் தன் இரண்டாவது வாய்ப்பிலேயே 15.02 மீட்டர் தாண்டினார். ஒரே காலில் எம்பி, அதே காலில் இறங்கி, மறுகாலுக்கு மாறி மணலை நோக்கிப் பாயும் மூன்று அசைவுகளில் நடு அசைவில்தான் பலருக்கும் வேகம் செத்துவிடும்; அவருக்கு அங்கே வேகம் குறையவே இல்லை. ஜமைக்காவின் ஷானீக்கா ரிக்கெட்ஸ் 14.87 மீட்டருடன் இரண்டாம் இடம் பெற்றார். ரியோவில் தகுதிச் சுற்றோடு திரும்பி, டோக்கியோவில் இறுதிப் போட்டியில் கடைசி இடத்தில் முடித்த ஒருவர் இன்று டொமினிக்காவின் முதல் ஒலிம்பிக் பதக்கத்தையே தங்கமாகப் பெற்றுத் தந்திருக்கிறார்.

அதே இரவில் மழையில் நனைந்து பளபளத்த ஓடுதளத்தில் பெண்கள் 100 மீட்டர் நடந்தது. எல்லாரும் அமெரிக்காவின் ஷகாரி ரிச்சர்ட்சனையே எதிர்பார்த்திருந்தார்கள். ஆல்ஃபிரட் தொடக்கக் கட்டையிலிருந்து கிளம்பியதுமே முன்னிலை பெற்று, எல்லைக்கோடு வரை அதை யாருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை: 10.72 விநாடி. ரிச்சர்ட்சன் 10.87. ஒலிம்பிக் 100 மீட்டரில் அது சாதாரண இடைவெளி அன்று. ஓடி முடித்தவர் மார்பில் ஒட்டியிருந்த தன் பெயர் அட்டையைப் பிய்த்தெடுத்து உயர்த்திக் காட்டினார். தன் பெயரை உலகம் சரியாகப் படிக்கட்டும் என்பது போலிருந்தது அந்தச் செய்கை.

மூன்றாவதாகக் கிரெனடாவின் லிண்டன் விக்டர், பத்துத் தடகளப் போட்டிகள் சேர்ந்த டெகத்லானில் 8711 புள்ளிகளுடன் வெண்கலம் வென்றார். மூன்று தீவுகளுக்கும் ஒரே நாளில் பதக்கம் கிடைக்கும் என்று நான் கனவிலும் நினைக்கவில்லை.

ஆகஸ்ட் 5

ஆல்ஃபிரட் சொன்னவற்றை இன்று நிதானமாகப் படித்தேன். காலணி இல்லாமல், பள்ளிச் சீருடையோடு ஓடிய நாட்களைச் சொல்லிவிட்டு, தன் தீவில் போதிய வசதிகள் இல்லை, மைதானம் சீராக வேண்டும் என்று வெற்றி பெற்ற கையோடு பேசியிருக்கிறார். காரணம் இருக்கிறது. 2009 செப்டம்பரில் செயின்ட் லூசியாவின் வியூ ஃபோர்ட் ஊரில் இருந்த செயின்ட் ஜூட் மருத்துவமனை தீப்பற்றி எரிந்தபோது நோயாளிகளைக் கொண்டுபோய் வைக்க நாட்டின் முக்கிய விளையாட்டரங்கமான ஜார்ஜ் ஆட்லம் அரங்கமே கிடைத்தது. தற்காலிகம் என்று தொடங்கிய ஏற்பாடு பத்தாண்டுகளைத் தாண்டியும் நீடித்தது. உயிர் காக்கும் மருத்துவமனைக்கு இடம் கொடுத்ததை யாரும் குறை சொல்ல முடியாது. ஆனால் அந்த ஆண்டுகளில்தான் ஆல்ஃபிரட் வளர்ந்தார். பன்னிரண்டு வயதில் தந்தையை இழந்தார். பதினான்கு வயதில் தனியே ஜமைக்காவுக்குப் படிக்கப் போனார். பிறகு டெக்சாஸ் பல்கலைக்கழகத்தில் எட்ரிக் ஃப்ளோரியல் அவருடைய பயிற்சியாளரானார். தன்னால் முடியும் என்று முதலில் நம்பிய தந்தைக்கே தங்கத்தைக் காணிக்கையாக்கியிருக்கிறார்.

லாஃபோண்டும் சிறுமியாக இருக்கும்போதே அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்தவர்தான். அவரும் தன் தீவுக்கு ஒரு தடகள மைதானம் வேண்டும் என்றே பேசுகிறார்.

ஆகஸ்ட் 7

200 மீட்டரில் ஆல்ஃபிரட்டுக்கு வெள்ளி, 22.08 விநாடி. அமெரிக்காவின் கேபி தாமஸ் 21.83 விநாடியில் வென்றார்.

ஆகஸ்ட் 9

கிரெனடாவின் கிரானி ஜேம்ஸ் 400 மீட்டர் இறுதியில் 43.87 விநாடியில் ஓடி ஐந்தாவதாக வந்தார். லண்டனில் 43.94 விநாடிக்குத் தங்கம் வென்றவர், பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து அதைவிட வேகமாக ஓடியும் பதக்கம் பெறவில்லை என்பதிலிருந்து இந்த ஓட்டத்தின் இன்றைய தரத்தை அறியலாம். 2012இல் தங்கம், 2016இல் வெள்ளி, டோக்கியோவில் வெண்கலம் என்று கிரெனடாவின் ஒலிம்பிக் வரலாற்றை எழுதியவர் கூயாவ் என்ற மீன்பிடி ஊரில் பிறந்த இவரே.

நேற்றிரவு ஈட்டி எறிதலில் கிரெனடாவின் ஆண்டர்சன் பீட்டர்ஸ் 88.54 மீட்டர் எறிந்து வெண்கலம் வென்றார். நம்மவர்கள் அனைவரும் அர்ஷத் நதீமின் 92.97 மீட்டரையும் நீரஜ் சோப்ராவின் 89.45 மீட்டரையும் பேசிக்கொண்டிருக்க, மேடையில் நின்ற மூன்றாமவரைப் பலர் கவனிக்கவே இல்லை. இருமுறை உலகச் சாம்பியனான அவர் டோக்கியோவில் இறுதிப் போட்டிக்கே தகுதி பெறாமல் திரும்பியவர். கிரெனடா ஒரே ஒலிம்பிக்கில் இரண்டு பதக்கங்கள் பெறுவது இதுவே முதல் முறை. புயலில் கூரை இழந்தவர்களுக்கு இந்த வெண்கலங்கள் வீடு கட்டித் தரப்போவதில்லை. ஆனாலும் அவர்கள் கொண்டாடும் நியாயத்தை நான் முழுமனதோடு ஏற்கிறேன்.

ஆகஸ்ட் 12

மக்கள்தொகைக்கு ஏற்பக் கணக்கிட்ட பதக்கப் பட்டியலில் கிரெனடா முதலிடம், டொமினிக்கா இரண்டாமிடம், செயின்ட் லூசியா மூன்றாமிடம். மகிழ்ச்சியான பட்டியல்தான். ஆனால் அந்தப் பதக்கங்களை வென்றவர்கள் எந்த மண்ணில் பயிற்சி பெற்றார்கள் என்பது அதில் தெரியாது. வெளிநாட்டு உதவித்தொகை கிடைக்காத, அதே திறமையுள்ள பெண் இன்று என்ன செய்துகொண்டிருப்பாள் என்பதும் தெரியாது.

செப்டம்பர் 28

நேற்று செயின்ட் லூசியாவில் ஜூலியன் ஆல்ஃபிரட் நாள் கொண்டாடப்பட்டது. படங்களில் தெருவெங்கும் நீலமும் மஞ்சளும். உலகத் தடகளச் சங்கம் இந்த ஆண்டு முதல் தங்கம் வென்றவர்களுக்குத் தரும் 50,000 டாலர் பரிசும் அவருக்கும் லாஃபோண்டுக்கும் உண்டு. உழைப்புக்குத் தகுந்த மரியாதை. இனி அரசு செய்ய வேண்டியது அவர் கேட்டதைத்தான். அடுத்த ஆல்ஃபிரட்டும் பதினான்கு வயதில் கடல் கடந்து போகலாம். அதுவரையாவது அவள் காலணியோடு, நல்ல ஓடுதளத்தில், வாரம் முழுவதும் ஓடும்படி வியூ ஃபோர்ட்டின் அந்த ஜார்ஜ் ஆட்லம் அரங்கத்தைச் சீரமைத்துத் தர வேண்டும்.