ஒற்றைக் கேபிளை நம்பிய தீவு

போன மழைக்காலத்தில் எங்கள் தெருவில் பூமிக்கடியில் போகும் கேபிள் பழுதாகி ஒன்றரை நாள் கரண்ட் இல்லை. ஓரிடத்தில் தோண்டிப் பார்த்தார்கள், இங்கே இல்லை என்று மூடிவிட்டு நாலு வீடு தள்ளி மறுபடி தோண்டினார்கள். வேடிக்கை பார்த்துக்கொண்டு நின்றபோது எனக்கு டாஸ்மேனியா ஞாபகம் வந்தது, ஏனென்றால் அங்கே இதே வேலையைக் கடலுக்கடியில் ஆறு மாதம் செய்தார்கள்.

ஆஸ்திரேலியாவின் தெற்கே இருக்கும் அந்தத் தீவையும் விக்டோரியா மாநிலத்தையும் பாஸ் நீரிணைக்கு அடியில் 'பாஸ்லிங்க்' என்ற ஒரு கேபிள் இணைக்கிறது. 2006இல் ஓடத் தொடங்கியது. 400 கிலோவோல்ட், 500 மெகாவாட், கடலுக்குள் மட்டும் சுமார் 290 கிலோமீட்டர்.

இதில் போவது டிசி மின்சாரம், ஒரே திசையில் ஓடுவது. நம் வீட்டுக்கு வருவது ஏசி, நொடிக்கு நூறு தடவை திசை மாறும். நடுவில் செம்பு, சுற்றிலும் காப்பு, அதற்கு வெளியே உலோக உறை என்று இருக்கும் கேபிள் ஒரு நீளமான மின்தேக்கி மாதிரி, அதாவது மின்சாரத்தைக் கொஞ்சம் பிடித்துவைக்கும் குடம். ஒவ்வொரு தடவை திசை மாறும்போதும் அதை நிரப்பிக் காலி பண்ணவே மின்னோட்டம் செலவாகும். நீளம் கூடக்கூட, குடத்தை நிரப்பி நிரப்பிக் கவிழ்ப்பதுதான் வேலை, வீட்டுக்குத் தண்ணீர் வந்து சேராது. டிசியில் குடம் ஒருமுறை நிரம்பினால் சரி. அதனால்தான் இரண்டு கரையிலும் மாற்று நிலையம் கட்டி, ஏசியை டிசியாக்கி அனுப்பி, அந்தப்பக்கம் மறுபடி ஏசியாக்குகிறார்கள்.

டாஸ்மேனியாவுக்குப் பெரும்பாலான மின்சாரம் அணைகளிலிருந்துதான். 2012 முதல் 2014 வரை ஆஸ்திரேலியாவில் கார்பனுக்கு விலை வைத்திருந்தார்கள் (கரியமில வாயுவை வெளியிட்டால் காசு கட்ட வேண்டும்), அப்போது நீர்மின்சாரத்துக்கு நல்ல லாபம். தண்ணீரைத் திறந்துவிட்டு மின்சாரத்தைக் கேபிள் வழியே விக்டோரியாவுக்கு விற்றுத் தள்ளினார்கள், அணை மட்டம் இறங்கியது. எனக்கு இதுதான் உறுத்துகிறது. கேபிள் இருக்கிற தைரியத்தில்தானே அணையை ஏடிஎம் மாதிரி நினைத்தார்கள்? போதாக்குறைக்கு, தீவில் இருந்த எரிவாயு மின்நிலையத்தின் முக்கியப் பகுதியையும் விற்றுவிடலாம் என்று 2015இல் யோசித்தார்கள். அந்த வருடமே மழை பொய்த்தது. டிசம்பர் 20ஆம் தேதி கேபிளும் போயிற்று.

மார்ச்சில் சரியாகிவிடும் என்றார்கள், ஆகவில்லை. பழுது டாஸ்மேனியக் கரையிலிருந்து சுமார் 100 கிலோமீட்டர் தள்ளி இருந்தது. கப்பல் வர வேண்டும், வந்தாலும் கடல் அமைதியாக இருக்க வேண்டும், அப்புறம் கேபிளை வெட்டி மேலே தூக்க வேண்டும். வெட்டினால் உள்ளே கடல்நீர் புகும், நனைந்த நீளத்தையும் கழித்துவிட்டுத்தான் புதுத் துண்டை ஒட்ட முடியும். கூடவே கட்டியிருந்த ஒளியிழையும் வெட்டுப்பட்டதில் இணையமும் மெதுவானது, பாவம்.

ஏப்ரல் கடைசியில் அணைகளில் மொத்தக் கொள்ளளவில் எட்டில் ஒரு பங்குதான் மிச்சம். விற்க நினைத்த எரிவாயு நிலையத்தைத் தூசி தட்டி ஓட்டினார்கள். பெரிய ஆலைகள் உற்பத்தியைக் குறைத்துக்கொண்டன. ஏறக்குறைய 200 மெகாவாட் அளவுக்கு டீசல் ஜெனரேட்டர்களை வாடகைக்கு எடுத்தார்கள், அதுவும் புதுப்பிக்கத்தக்க மின்சாரத்தில் பெருமைப்பட்டுக்கொண்ட மாநிலத்தில்!

யார் தவறு என்ற சண்டை பல வருடம் ஓடியது. அதிக மின்சுமை ஏற்றிச் சூடாக்கியதுதான் காரணம் என்று மாநில அரசுப் பக்கத்து நிபுணர்கள் சொல்ல, கேபிள்காரர்கள் மறுத்தார்கள். 2020 கடைசியில் நடுவர் தீர்ப்பு அரசுப் பக்கம் வந்தது.

கேபிள் திரும்ப வேலை செய்தது 2016 ஜூன் 13இல். அதற்கு ஒரு வாரம் முன்புதான் தீவில் பேய்மழை கொட்டிப் பெருவெள்ளம் வந்திருந்தது. கேபிள் வந்து சேர்ந்தபோது அணைகள் மளமளவென்று நிரம்பிக்கொண்டிருந்தன.