ரெட் பெரென்சனின் முதல் மூன்று வருடங்கள்

ஐஸ் ஹாக்கி ஆட்டக்காரர் ரெட் பெரென்சன் பெயரை எடுத்தாலே எல்லோரும் ஒரே ஆட்டத்தில் அவர் போட்ட அந்த ஆறு கோலைத்தான் சொல்வார்கள். எனக்குச் சொல்ல வேண்டியது வேறு, பின்னால் அவர் ஒரு கல்லூரி அணிக்குப் பயிற்சியாளரான முதல் மூன்று வருடங்கள். ஆனாலும் அந்த ஆறு கோலைச் சொல்லாமல் தாண்டிப் போகவும் முடியாது.

1968 நவம்பர் 7. அவர் ஆடிய செயின்ட் லூயிஸ் ப்ளூஸ் அணி, வட அமெரிக்காவின் பெரிய தொழில்முறை ஹாக்கி லீகான என்.எச்.எல்.லுக்கு வந்து அது இரண்டாவது சீசன்தான். ஃபிலடெல்ஃபியாவுக்குப் போய் அவர்கள் அரங்கிலேயே 8-0 என்று ஜெயித்தார்கள். அதில் ஆறு பெரென்சன் போட்டது, அந்த ஆறில் நாலு இரண்டாவது பீரியடில் மட்டும் (ஒரு ஆட்டத்துக்கு மூன்று பீரியட்). ஐஸ் ஹாக்கியில் ஒரு ஆட்டக்காரர் ஒரு தடவை இறங்கினால் முக்கால் நிமிடமோ ஒரு நிமிடமோதான், அதற்குள் மூச்சு வாங்கி பெஞ்சுக்குத் திரும்பிவிடுவார். அப்படித் துண்டு துண்டாகக் கிடைக்கிற நேரத்தில் ஆறு கோல், அதுவும் கூட்டம் முழுக்க எதிரணிக்குக் கத்துகிற ஊரில். வெளியூர் ஆட்டத்தில் ஆறு கோல் அடித்தவர் என்.எச்.எல்.லில் இன்றுவரை இவர் ஒருவர்தான். அணியின் முதலாளிகள் குஷியாகி ஒரு ஸ்டேஷன் வேகன் கார் கொடுத்தார்கள், மனிதர் காடு மலை என்று சுற்றுகிறவர் என்பதால் கார் கூரையில் ஒரு துடுப்புப் படகையும் கட்டிக் கொடுத்தார்கள். எனக்கு அந்தப் படகுதான் பிடித்திருக்கிறது.

சரி, கதைக்கு வருகிறேன். 1939-ல் கனடாவின் ரெஜைனாவில் பிறந்தவர். அந்தக் காலத்துக் கனடாப் பையன்களுக்கு ஒரே வழிதான்: ஜூனியர் லீக், அங்கிருந்து தொழில்முறை அணி. அமெரிக்கக் கல்லூரிக்குப் போனால் அத்தோடு ஆட்டம் போச்சு என்று நினைத்த காலம். இவர் மிச்சிகன் பல்கலைக்கழகத்துக்குப் போனார், பிசினஸ் படித்தார், 1961-62 சீசனில் 43 கோல் அடித்தார், 1962 மார்ச்சில் கல்லூரி ஆட்டங்கள் முடிந்த கையோடு மான்ட்ரியல் கனேடியன்ஸ் சட்டையைப் போட்டுக்கொண்டு என்.எச்.எல்.லில் இறங்கிவிட்டார். அத்தோடு விடவில்லை, ஆடிக்கொண்டே அதே மிச்சிகனில் எம்.பி.ஏ.வும் முடித்தார். கல்லூரியில் பழகிய ஹெல்மெட்டையும் கழற்றவில்லை. லீகில் பெரும்பாலானவர்கள் வெறும் தலையோடு ஆடிய காலம் அது, ஹெல்மெட் போட்டவனைக் கொஞ்சம் ஏளனமாகத்தான் பார்ப்பார்கள்.

மான்ட்ரியலில் நட்சத்திரங்கள் நெரிசல், இவருக்குப் பெரும்பாலும் பெஞ்ச். 1965-ல் என்.எச்.எல். சாம்பியனுக்கான ஸ்டான்லி கோப்பை கிடைத்தது. அப்புறம் நியூயார்க், செயின்ட் லூயிஸ், டெட்ராய்ட், மறுபடி செயின்ட் லூயிஸ். நடுவில் 1972-ல் சோவியத் யூனியனோடு மோதிய கனடா அணியிலும் இருந்தார். மொத்தம் 987 ஆட்டம், 261 கோல், 1978-ல் ஓய்வு.

அடுத்த வருடம் டிசம்பரிலேயே அதே ப்ளூஸுக்குப் பயிற்சியாளர். 1980-81-ல் அணி 107 புள்ளி எடுத்தது, லீகின் சிறந்த பயிற்சியாளருக்கான ஜாக் ஆடம்ஸ் விருது இவருக்கு. அதற்கடுத்த சீசன் முடியும் முன்பே வேலை போய்விட்டது. தொழில்முறை அணியில் விருதுக்கும் வெளியே அனுப்பும் கடிதத்துக்கும் நடுவில் ஒரு வருடம்கூட இருக்காது போலிருக்கிறது. பஃபலோ என்.எச்.எல். அணியில் ஸ்காட்டி போமனுக்குக் கீழே உதவிப் பயிற்சியாளராக இரண்டு வருடம். பிறகு 1984-ல் மிச்சிகனுக்கே திரும்பினார். ஏற்கெனவே கூப்பிட்டு மறுத்திருந்தவர், இந்தத் தடவை சரி என்றார். நான் சொல்ல வந்த மூன்று வருடம் இங்கே ஆரம்பிக்கிறது.

முதல் சீசன் 13 வெற்றி, 26 தோல்வி. இரண்டாவதில் 12 வெற்றி, 26 தோல்வி. மூன்றாவதில் 14 வெற்றி, 25 தோல்வி. ஆறு கோல் அடித்தவர், விருது வாங்கியவர், அதே கல்லூரியின் பழைய நாயகன், வருடத்துக்கு இருபத்தைந்து தடவை தோற்றுக்கொண்டிருக்கிறார். என்.எச்.எல்.லாக இருந்தால் இரண்டாவது கிறிஸ்துமஸைத் தாண்டியிருக்க மாட்டார். மிச்சிகன் பொறுத்துக்கொண்டது. பொறுக்கத்தான் வேண்டும், ஏனென்றால் கல்லூரி அணியை வேறு எந்த வழியிலும் கட்ட முடியாது. உனக்கு ஒரு தடுப்பாட்டக்காரர் போதவில்லை என்றால் இன்னொரு கல்லூரியோடு பேரம் பேசி மாற்றிக்கொள்ள அன்று வழியில்லை. பதினாறு பதினேழு வயசுப் பையன் வீட்டுக்குப் போய், அவன் அம்மா அப்பா எதிரே உட்கார்ந்து, இங்கே அனுப்புங்கள் என்று கேட்க வேண்டும். அவன் வந்து, வளர்ந்து, மூன்றாவது வருடம் ஒரு ஆளாக நிற்கும்போது, அவனை முன்பே தேர்ந்தெடுத்து உரிமையை வைத்திருக்கும் என்.எச்.எல். அணி ஏதாவது ஒரு கோடையில் போன் போட்டு வா என்கும். அவசரப்படாதே, பட்டத்தை முடி என்பது பெரென்சன் வருடா வருடம் சொன்ன பாட்டு. வேறு யாராவது சொன்னால் அணியின் சுயநலம் என்று தோன்றும். இவர் எம்.பி.ஏ. முடித்துவிட்டு ஆறு கோல் அடித்த ஆள், என்ன பதில் சொல்வது?

1991-ல், அமெரிக்கக் கல்லூரி விளையாட்டுகளை நடத்தும் அமைப்பான என்.சி.ஏ.ஏ.வின் தேசியப் போட்டித்தொடருக்குள் நுழைந்தார்கள். அதிலிருந்து 2012 வரை 22 வருடம், ஒரு வருடம்கூட விடாமல். 1996-ல் கொலராடோ காலேஜை ஓவர்டைமில் 3-2 என்று ஜெயித்து முதல் பட்டம், கடைசி கோல் பிரெண்டன் மாரிசன். அடுத்த வருடம் 35 வெற்றி, 4 தோல்வி, அவர் அணிகளிலேயே பலமானது என்று நான் நினைப்பது அதைத்தான், அரையிறுதியில் பாஸ்டன் யுனிவர்சிட்டியிடம் சுருண்டது. மூத்தவர்கள் பலர் படிப்பு முடிந்து கிளம்பிவிட, புதுப்பையன்களை வைத்துக்கொண்டு 1998-ல் பாஸ்டன் நகரத்திலேயே பாஸ்டன் காலேஜை வீழ்த்திப் பட்டம் வாங்கினார்கள். மறுபடியும் 3-2, மறுபடியும் ஓவர்டைம், அடித்தது ஜாஷ் லாங்ஃபெல்ட் என்கிற முதலாமாண்டு மாணவர். 2011 இறுதியாட்டமும் ஓவர்டைமில் 3-2தான், ஆனால் இந்தத் தடவை எதிர்ப்பக்கம், மினசோட்டா டுலூத். பதினொரு தடவை கடைசி நாலு அணிக்குள் வந்து இரண்டே பட்டமா என்று குறை சொல்கிறவர்கள் உண்டு. தோற்றால் வெளியே என்கிற ஒரே ஆட்டம், எதிரணி கோல்கீப்பர் அன்றைக்கு உருண்டு புரண்டு தடுத்துவிட்டால் யாராலும் ஒன்றும் செய்ய முடியாது. இந்தக் குறையை நான் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை.

ஒரு இடைச்செருகல். பெரென்சன் மிச்சிகன் வருவதற்கு முன் ஆடியது ரெஜைனா பாட்ஸ் என்ற ஜூனியர் அணியில். பின்னால் வந்த விதிப்படி கனடாவின் அந்தப் பெரிய ஜூனியர் லீகுகளில் ஆடியவன் அமெரிக்கக் கல்லூரியில் ஆட முடியாது, அதாவது ரெஜைனாவிலிருந்து அவர் போன அதே பாதையை அவரே பயிற்சியாளராக வந்த காலத்தில் அடைத்து வைத்திருந்தார்கள். என்.சி.ஏ.ஏ. அந்தத் தடையை நீக்க முடிவு செய்தது 2024-ல். தேதி நவம்பர் 7. ஆறு கோல் போட்ட அதே தேதி, சும்மா தற்செயல்தான், ஆனாலும் பார்த்ததும் சிரித்துவிட்டேன்.

2017 ஏப்ரலில் விலகினார், வயது 77. முப்பத்து மூன்று சீசன், 848 வெற்றி. அந்தக் கடைசி சீசனும் சரியாகப் போகவில்லை: 13 வெற்றி, 19 தோல்வி, 3 டிரா. 1984-ல் ஆரம்பித்தபோதும் அதே 13 வெற்றிதான்.