பல் விழுந்தது, படமும் முடிந்தது

என் மகன் நடித்தது இரண்டே படங்கள். ஆறரை வயதில் தொடங்கி, எட்டு வயதில் எல்லாம் முடிந்துவிட்டது. வாய்ப்பு எப்படிக் கிடைத்தது என்றுதான் எல்லோரும் கேட்கிறார்கள். அது சுலபமாகவே நடந்தது. தேர்வு நாளில் ஷூ லேஸ் கட்டச் சொல்லிவிட்டு கேமராவை ஓடவிட்டார்கள். நாக்கைக் கடித்துக்கொண்டு கட்டினான், எடுத்துக்கொண்டார்கள்.

சம்பள விஷயத்தில் மட்டும் நான் பிடிவாதமாக இருந்தேன். சாப்ளினோடு 1921-ல் நடித்துப் புகழ்பெற்ற சிறுவன் ஜாக்கி கூகனைப் பற்றிப் படித்திருந்தேன். அவர் வளர்ந்து பார்த்தபோது, சம்பாதித்ததில் பெரும்பகுதியைத் தாயும் அவருடைய இரண்டாவது கணவரும் செலவழித்திருந்தார்கள். 1938-ல் வழக்குப் போட வேண்டியதாயிற்று. அதன் பிறகுதான், 1939-ல், கலிஃபோர்னியாவில் குழந்தை நடிகர்களுக்கான சட்டம் வந்தது. நாங்கள் முழுத் தொகையையும் மகன் பெயரிலேயே போட்டோம். வீட்டுச் செலவுக்கு அதில் கை வைத்துவிட்டால், பிள்ளை “வேண்டாம்மா” என்று சொல்லும் நாளில் நம்மால் சரி என்று சொல்ல முடியாது.

முதல் படத்தின் பாதியில் மேல் முன்பல் ஆடத் தொடங்கியது. ஒரே காட்சியை இரண்டு நாள் எடுத்தார்கள். முதல் நாள் பல் இருந்தது, மறுநாள் காலை பல் தேய்க்கும்போது விழுந்துவிட்டது. ஒரு ஷாட்டில் இருந்தது அடுத்த ஷாட்டிலும் மாறாமல் இருக்கிறதா என்று (கன்டினியூட்டி) பார்க்கும் உதவி இயக்குநருக்கு முகமே செத்துப்போனது. பல் மருத்துவர் அண்ணத்தில் ஒட்டி உட்காரும் மெல்லிய தகடு ஒன்றில் குட்டியாக ஒரு பல் வைத்துக் கொடுத்தார். அதைப் போட்டால் ‘ச’ எல்லாம் ‘ஷ’ ஆனது. டப்பிங்கில் பார்த்துக்கொள்ளலாம் என்றார்கள்.

டப்பிங் நான்கு மாதம் கழித்து. அதற்குள் புதுப் பல் பாதி முளைத்திருந்தது, பேச்சும் வேகமாகியிருந்தது. ஹெட்போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு திரையைப் பார்த்தான். வசனம் உதட்டசைவில் உட்காரவே இல்லை. “அந்தப் பையன் ரொம்ப மெதுவா பேசுறான்மா” என்றான். தன்னைத்தான் அப்படிச் சொன்னான்.

இரண்டாவது படத்தில் ஓர் அழுகைக் காட்சி. கிளிசரின் போட்டும் சரியாக வரவில்லை என்று, நான் தண்ணீர் எடுக்கப் போன நேரத்தில் யாரோ அவனிடம் “அம்மா உன்னை விட்டுட்டுப் போயிட்டாங்க” என்று சொல்லியிருக்கிறார்கள். ஷாட் அருமையாக வந்ததாம். அன்றிரவு என் கையை விடாமல் தூங்கினான். அதற்கப்புறம் ஒரு நிமிடம்கூட நான் மானிட்டர் பக்கத்திலிருந்து நகரவில்லை. பிள்ளையை நடிக்க அனுப்பும் யாருக்கும் நான் முதலில் சொல்வது இதைத்தான்.

மூன்றாவது படத்துக்கு உடை அளவு பார்க்கக் கூப்பிட்டார்கள். கதையில் வரும் பையனுக்கு ஆறு வயது. தைத்து வைத்திருந்த சட்டையின் கை இவனுக்கு மணிக்கட்டுக்கு மேலேயே நின்றது. இரண்டு நாளில் வேறொரு பையன் முடிவானான்.

“நான் சரியா நடிக்கலையா?” என்று கேட்டான். இந்தக் கேள்விக்கு நான் தயாராகவே இல்லை.

“நடிப்புல ஒரு குறையும் இல்லடா, நீ வளர்ந்துட்ட” என்றேன்.

நம்பாமல் பார்த்தான். கதவு நிலையில் அவனைச் சாய்த்து நிறுத்தி, தலைக்கு நேராகப் பென்சிலால் கோடு போட்டேன். முதல் படத்துக்கு முன்பு போட்ட கோடு கீழே இருந்தது. இரண்டுக்கும் நடுவில் தன் விரல்களை ஒவ்வொன்றாக அடுக்கி அளந்தான். ஒரு கை போதவில்லை.

“இவ்வளவா!” என்றான்.